எண்கள் சொல்லும் வரலாறு

நுழையும்முன்

கிரிக்கெட் ஆட்டத்தில் ஒருவர் நூறு ஓட்டங்கள் எடுத்தால் அந்த எண்ணை நாம் நெடுநாள் நினைவில் வைத்திருக்கின்றோம். பேஸ்பால் ஆட்டத்திலும் அவ்வாறு போற்றப்படும் எண்கள் உண்டு. 42, 715, 3000 என்னும் மூன்று எண்கள் அவற்றுள் சிறந்தவை. முதலாவது, சட்டையின் முதுகில் எழுதப்பட்ட எண். மற்றவை இரண்டும் மட்டையால் ஈட்டிய எண்கள். இவற்றுக்கு உரிய மூவரும் பிறந்த ஊரை விட்டு வெளியூர் சென்று வாழ்ந்தவர்கள். சென்ற இடத்தில் அவர்கள் எவற்றைத் தாங்கினர், எவற்றை விட்டுக்கொடுக்க மறுத்தனர் என்பதை இப்பாடத்தில் காண்போம்.

ஆட்டத்தின் அமைப்பு

மாணவர்களே! பேஸ்பால் 19ஆம் நூற்றாண்டில் அமெரிக்காவில் வளர்ச்சி பெற்ற ஆட்டம். தமிழில் இதனை அடிபந்தாட்டம் என்றும் கூறுவர். அணிக்கு ஒன்பது பேர். களத்தில் ஒரு சதுரத்தின் நான்கு மூலைகளிலும் நான்கு தளங்கள் அமைந்திருக்கும். ஒரு தளத்திற்கும் அடுத்த தளத்திற்கும் இடைப்பட்ட தொலைவு 90 அடி. மட்டையாளர் நிற்கும் தளத்தை இல்லத்தளம் எனலாம். அவருக்கு எதிரே 60 அடி 6 அங்குலத் தொலைவில் எறிவீரர் நின்று பந்தை எறிவார்.

கிரிக்கெட்டில் பந்து பெரும்பாலும் தரையில் பட்டு எழுந்து வரும். பேஸ்பாலில் அது தரையைத் தொடாமலே மட்டையாளரை நோக்கி விரையும். மட்டையும் தட்டையானதன்று, உலக்கையைப் போல் உருண்டு நீண்டது. உருண்ட பந்தை உருண்ட மட்டையால் அடிப்பது எளிய செயலன்று என்பதை நீங்களே உணரலாம்.

பந்தை அடித்தவர் மட்டையைக் கீழே போட்டுவிட்டு முதல் தளத்தை நோக்கி ஓடுவார். தாம் அடித்த அடியின் பயனாக ஆட்டமிழக்காமல் ஒரு தளத்தை அடைந்தால் அது ‘ஹிட்’ எனப்படும். நான்கு தளங்களையும் சுற்றி வந்து சேர்ந்தால் அணிக்கு ஓர் ஓட்டம் கிடைக்கும். பந்து களத்தின் எல்லைச் சுவரைத் தாண்டிப் பறந்து சென்றால் அது ‘ஹோம் ரன்’. அப்போது மட்டையாளர் எவ்விதத் தடையுமின்றி நான்கு தளங்களையும் சுற்றி வரலாம். எறிவீரர் பந்தை எறியும் நேரம் பார்த்து, தளத்தில் நிற்பவர் அடுத்த தளத்திற்கு ஓடிச் சேர்வதும் உண்டு. இதற்குத் ‘தளம் திருடுதல்’ என்று பெயர்.

மட்டையாளரின் திறமையை ஒரு பின்னத்தால் அளப்பர். அவர் பெற்ற ஹிட்டுகளின் எண்ணிக்கையை, அவர் மட்டையேந்தி ஆடிய வாய்ப்புகளின் எண்ணிக்கையால் வகுத்தால் கிடைப்பது மட்டை சராசரி. பத்து வாய்ப்புகளில் மூன்று ஹிட் பெற்றவருக்குச் சராசரி 0.300 ஆகும். பல ஆண்டுகள் இந்தச் சராசரியைக் காத்து நிற்பவர் பெருவீரராக மதிக்கப்படுவார். அத்தகைய பெருவீரரும் பத்தில் ஏழு முறை வெறுங்கையுடன் திரும்புகிறார் என்பதை எண்ணிப் பாருங்கள். தோல்வியை நாள்தோறும் சந்தித்து, மறுநாளும் தளராமல் மட்டையை ஏந்துவது இவ்வாட்டத்தில் இயல்பான ஒன்று.

மூடியிருந்த கதவு

அமெரிக்காவின் முதன்மை அணிகளில் ஏறத்தாழ 60 ஆண்டுகள் கறுப்பின மக்களுக்கு இடமில்லாதிருந்தது. ‘கறுப்பர் ஆடக்கூடாது’ என்று விதிநூலில் எங்கும் எழுதப்படவில்லை. ஆயினும் அணி உரிமையாளர்கள் தமக்குள் செய்துகொண்ட எழுதாத உடன்பாட்டினால் அவர்களில் ஒருவரையும் சேர்த்துக்கொள்ளவில்லை. அந்நாட்டின் தென்மாநிலங்களில் பள்ளி, பேருந்து, உணவகம் ஆகிய எல்லா இடங்களிலும் கறுப்பினத்தவரை வேறாக வைத்த காலம் அது. ஆட்டக்களமும் அதற்கு விலக்காக இல்லை.

கறுப்பின வீரர்கள் தமக்கெனத் தனி அணிகளையும் தனிப் போட்டிகளையும் அமைத்து ஆடினர். திறமையில் அவர்கள் எவருக்கும் குறைந்தவரல்லர். ஆனால் கூலி குறைவு, பயணம் மிகுதி, பல ஊர்களில் உண்ணவும் உறங்கவும் இடம் கிடைப்பது அரிது.

42: ஜாக்கி ராபின்சன்

ஜாக்கி ராபின்சன் 1919ஆம் ஆண்டு சனவரி 31ஆம் நாள் ஜார்ஜியா மாநிலத்தில் கெய்ரோ என்னும் சிற்றூரில் பிறந்தார். குடும்பம் பிறர் நிலத்தில் பங்குக்கு உழுது வாழ்ந்தது. தந்தை குடும்பத்தை விட்டு நீங்கியபின், தாய் மாலி ஐந்து பிள்ளைகளையும் அழைத்துக்கொண்டு தொடர்வண்டியில் கலிஃபோர்னியா மாநிலத்தின் பாசடேனா நகருக்குக் குடிபெயர்ந்தார். அங்கு வீட்டுவேலை செய்து பிள்ளைகளை வளர்த்தார். அப்பிள்ளைகளுள் ஒருவரான மாக் ராபின்சன் 1936ஆம் ஆண்டு பெர்லின் ஒலிம்பிக்கில் 200 மீட்டர் ஓட்டத்தில் வெள்ளிப் பதக்கம் பெற்றார். கடைக்குட்டியான ஜாக்கி, கல்லூரியில் பேஸ்பால், அமெரிக்கக் கால்பந்து, கூடைப்பந்து, தடகளம் ஆகிய நான்கிலும் அணியில் இடம்பெற்றுச் சிறந்தார்.

இரண்டாம் உலகப்போரின்போது அவர் படையில் அதிகாரியாகப் பணியாற்றினார். 1944ஆம் ஆண்டு டெக்சாசு மாநிலத்தில் ஒரு பேருந்தின் ஓட்டுநர் அவரைப் பின்னிருக்கைக்குப் போகுமாறு பணித்தார். ராபின்சன் மறுத்தார். அதனால் படை நீதிமன்றத்தில் அவர்மீது வழக்கு நடைபெற்றது. இறுதியில் அவர் குற்றமற்றவர் என்று விடுவிக்கப்பட்டார்.

1945ஆம் ஆண்டு அவர் கேன்சஸ் சிட்டி மொனார்க்ஸ் என்னும் கறுப்பின அணியில் ஆடினார். அவ்வாண்டு ஆகஸ்டு மாதம் புரூக்ளின் டாட்ஜர்ஸ் அணியின் தலைவர் பிராஞ்ச் ரிக்கி அவரை அழைத்துப் பேசினார். முதன்மை அணியில் கறுப்பின வீரர் ஒருவரைச் சேர்க்க ரிக்கி முடிவு செய்திருந்தார். ஆட்டத்திறமை மட்டும் போதாது என்பதையும் அவர் அறிந்திருந்தார். பார்வையாளர் பழிப்பர், எதிரணியினர் இழிசொல் கூறுவர், ராபின்சன் ஒருமுறை கைநீட்டிவிட்டால், கறுப்பினத்தவரைச் சேர்த்ததே தவறு என்று பலரும் கூறிக் கதவை மீண்டும் அடைத்துவிடுவர். ஆகவே தொடக்க ஆண்டுகளில் எந்த இழிவுக்கும் எதிர்வினை காட்டலாகாது என்று ரிக்கி கேட்டுக்கொண்டார். பேருந்து இருக்கைக்காகப் படை நீதிமன்றம் வரை சென்ற ஒருவருக்கு இது எத்துணைக் கடினமான வேண்டுகோள்! ராபின்சன் அதனை ஏற்றுக்கொண்டார்.

1946ஆம் ஆண்டு கனடா நாட்டின் மான்ட்ரியல் ராயல்ஸ் அணியில் ஆடிப் பயிற்சி பெற்றபின், 1947ஆம் ஆண்டு ஏப்ரல் 15ஆம் நாள் புரூக்ளின் நகரின் எபட்ஸ் களத்தில் 42 என்னும் எண் பொறித்த சட்டையுடன் அவர் இறங்கினார். பார்க்க வந்தவர்கள் 25,000-க்கும் மேற்பட்டோர். அன்று அவர் ஒரு ஹிட்டும் பெறவில்லை. எனினும் எதிரணியின் பிழையால் தளத்தை அடைந்து, தம் அணி முந்திச் செல்வதற்குக் காரணமான ஓட்டத்தை எடுத்தார். அணி 5-3 என்ற கணக்கில் வென்றது.

அதன்பின் வந்த மாதங்கள் கொடியவை. அவருடன் சேர்ந்து ஆட மாட்டோம் என்று சொந்த அணியினர் சிலரே முன்னர் முறையிட்டிருந்தனர். எதிரணியின் மேலாளர் ஒருவர் தம் இடத்தில் இருந்தவாறே இடைவிடாமல் இழிசொற்களைக் கூறினார். கொலை மிரட்டல் கடிதங்கள் வந்தன. சில ஊர்களில் அணியினர் தங்கிய விடுதியில் அவருக்கு இடம் மறுக்கப்பட்டது. ராபின்சன் வாயால் விடை கூறவில்லை. காலால் விடை கூறினார். அவ்வாண்டு 29 தளங்களைத் திருடித் தம் சங்கத்தில் முதலிடம் பெற்றார். ஆண்டின் சிறந்த புதுமுக வீரருக்கான விருது அவ்வாண்டுதான் முதன்முதலாக வழங்கப்பட்டது. அதனைப் பெற்றவர் அவரே. 1949ஆம் ஆண்டு 0.342 என்னும் சராசரியுடன் மிகச் சிறந்த ஆட்டக்காரர் விருதையும் பெற்றார். அவர் ஆடிய பத்து ஆண்டுகளில் அவருடைய அணி ஆறு முறை உலகத் தொடருக்குத் தகுதி பெற்றது. 1955ஆம் ஆண்டு அதில் வெற்றியும் கண்டது.

தொடக்கக் காலம் கடந்தபின் ராபின்சன் தம் மௌனத்தைக் கலைத்தார். களத்திலும் வெளியிலும் தம் கருத்தைத் தயங்காமல் கூறினார். ஓய்வு பெற்றபின் கறுப்பின மக்களின் உரிமைப் போராட்டங்களில் பங்கேற்றார். 1972ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் நடந்த உலகத் தொடரின்போது அவரைச் சிறப்பித்து ஒரு விழா எடுத்தனர். நோயால் பார்வை மங்கியிருந்த நிலையிலும், அணி மேலாளராகக் கறுப்பினத்தவர் ஒருவரைக் காண விரும்புவதாக அவர் அம்மேடையிலேயே கூறினார். சில நாள்களில் தமது 53ஆம் வயதில் மறைந்தார். 1975ஆம் ஆண்டு பிராங்க் ராபின்சன் என்னும் வீரர், முதன்மை அணி ஒன்றின் முதல் கறுப்பின மேலாளர் ஆனார்.

715: ஹாங்க் ஆரன்

1948ஆம் ஆண்டு ராபின்சன் அலபாமா மாநிலத்தின் மோபில் நகருக்கு வந்து உரையாற்றினார். கூட்டத்தில் நின்று அவ்வுரையைக் கேட்ட 14 வயதுச் சிறுவன் ஒருவன், தானும் முதன்மை அணியில் ஆட வேண்டும் என்று உறுதி கொண்டான். அச்சிறுவனே ஹென்றி ஆரன். ஹாங்க் என்பது அவருக்கு வழங்கிய சுருக்கப்பெயர்.

ஆரனின் குடும்பம் வறுமையில் உழன்றது. புட்டி மூடிகளைக் குச்சியால் அடித்தே அவர் பயிற்சி பெற்றார். வலக்கை ஆட்டக்காரர் மட்டையைப் பிடிக்கும்போது வலக்கை மேலிருக்க வேண்டும். சொல்லித் தருவோர் இல்லாமையால் ஆரன் இடக்கையை மேலே வைத்துப் பிடித்தார். அம்முறையிலேயே அவர் பந்தை வெகுதொலைவு அடித்தார் என்பது வியப்புக்குரியது. 1952ஆம் ஆண்டு, 18 வயதில், இண்டியானாபொலிஸ் கிளவுன்ஸ் என்னும் கறுப்பின அணியில் சேர்வதற்காக வீட்டை விட்டுத் தொடர்வண்டி ஏறினார்.

அவ்வாண்டு வாஷிங்டன் நகரில் அணியினர் ஓர் உணவகத்தில் காலையுணவு உண்டனர். உண்டு முடித்தபின், அவர்கள் உண்ட தட்டுகளை உள்ளே உடைத்து நொறுக்கும் ஓசை அவர் காதில் விழுந்தது. பல ஆண்டுகளுக்குப் பின்னும் ஆரன் அந்த ஓசையை மறக்கவில்லை. தம் வாழ்க்கை வரலாற்றில் அதனை எடுத்துரைத்தார்.

1954ஆம் ஆண்டு அவர் மில்வாக்கி பிரேவ்ஸ் என்னும் முதன்மை அணியில் இடம்பெற்றார். முதல் ஆட்டத்தில் ஐந்து வாய்ப்புகளிலும் ஒரு ஹிட்டும் கிடைக்கவில்லை. ஆனால் 1957ஆம் ஆண்டில் அவர் மிகச் சிறந்த ஆட்டக்காரர் விருது பெற்றார். அணியும் உலகத் தொடரை வென்றது. ஆரனின் பெருமை அவருடைய சீர்மையில் இருந்தது. எந்த ஓர் ஆண்டிலும் அவர் 50 ஹோம் ரன்களை எட்டியதில்லை. ஆனால் 1955 முதல் 1974 வரை, 20 ஆண்டுகள், ஓர் ஆண்டும் தவறாமல் 20 அல்லது அதற்கு மேற்பட்ட ஹோம் ரன்களை அடித்தார். சிறுதுளி பெருவெள்ளமாயிற்று.

அக்காலத்தில் ஹோம் ரன் சாதனை பேப் ரூத் என்னும் வெள்ளையின வீரருக்கு உரியதாக இருந்தது. 1935ஆம் ஆண்டு ஓய்வு பெற்ற அவர் அடித்த ஹோம் ரன்கள் 714. எவராலும் எட்ட முடியாத எண் என்று மக்கள் அதனைக் கருதினர். 1973ஆம் ஆண்டு முடிவில் ஆரன் 713-ஐ எட்டினார். இன்னும் இரண்டே வேண்டும். அடுத்த பருவத்திற்குப் பல மாதங்கள் காத்திருக்க வேண்டியிருந்தது.

அவ்வாண்டில் மட்டும் அவருக்கு ஏறத்தாழ 9,30,000 கடிதங்கள் வந்தன. கறுப்பினத்தவர் ஒருவர் பேப் ரூத்தை முந்துவதைப் பொறாதவர்கள் எழுதியவை அவற்றுள் பல. உயிருக்கு இறுதி நேரும் என்று மிரட்டியவையும் உண்டு. அவருக்குக் காவலர் ஒருவர் துணையாக அமர்த்தப்பட்டார். வெளியூர் ஆட்டங்களில் அவர் தம் அணியினரிடமிருந்து பிரிந்து தங்க நேர்ந்தது. இச்செய்தி நாட்டில் பரவியபின், அவரை ஊக்குவிக்கும் கடிதங்களும் குவிந்தன. அவற்றுள் சிறுவர் எழுதியவையும் இருந்தன.

1974ஆம் ஆண்டு ஏப்ரல் 8ஆம் நாள் அட்லாண்டா நகரில் 53,775 பேர் கூடியிருக்க, லாஸ் ஏஞ்சல்ஸ் டாட்ஜர்ஸ் அணியின் ஆல் டவுனிங் எறிந்த பந்தை ஆரன் எல்லைக்கு அப்பால் அடித்தார். அது அவருடைய 715ஆவது ஹோம் ரன். அவர் தளங்களைச் சுற்றி ஓடுகையில் இளைஞர் இருவர் களத்தில் புகுந்து, அவருடன் ஓடித் தோளைத் தட்டிப் பாராட்டினர். இல்லத்தளத்தில் அவருடைய தாய் அவரை இறுகத் தழுவிக்கொண்டார். அத்தனை மிரட்டல்களுக்குப் பின் மகனைக் கண்ட தாயின் தழுவல் அது.

ஆரன் 1976ஆம் ஆண்டு ஓய்வு பெற்றபோது அவருடைய ஹோம் ரன்கள் 755; மொத்த ஹிட்டுகள் 3,771. அவருடைய 755 ஹோம் ரன்களையும் கழித்துவிட்டாலும் 3,000-க்கு மேற்பட்ட ஹிட்டுகள் எஞ்சும். அவருடைய ஹோம் ரன் சாதனை 2007ஆம் ஆண்டில் பாரி பாண்ட்ஸ் என்பவரால் முந்தப்பட்டது. தமக்கு வந்த வெறுப்புக் கடிதங்களை ஆரன் எரித்துவிடவில்லை. நடந்தது மறக்கப்படலாகாது என்று அவற்றைப் பாதுகாத்து வைத்தார். 2021ஆம் ஆண்டு சனவரி 22ஆம் நாள் தமது 86ஆம் வயதில் மறைந்தார்.

3000: ராபர்ட்டோ கிளெமென்டே

கரிபியன் கடலில் உள்ள புவேர்ட்டோ ரிக்கோ தீவு அமெரிக்க ஆட்சிக்கு உட்பட்டது. அத்தீவினர் அமெரிக்கக் குடிமக்கள். அவர்களுடைய தாய்மொழியோ ஸ்பானியம். அங்குக் கரோலினா என்னும் ஊரில் 1934ஆம் ஆண்டு ஆகஸ்டு 18ஆம் நாள் ராபர்ட்டோ கிளெமென்டே பிறந்தார். தந்தை கரும்புத் தோட்டத்தில் மேற்பார்வையாளர். பள்ளியில் கிளெமென்டே ஈட்டி எறிவதில் சிறந்து விளங்கினார். பின்னாளில் களத்தின் வலக்கோடியிலிருந்து அவர் எறிந்த பந்து குறி தவறாமல் தளத்தை வந்தடைந்ததைக் கண்டு மக்கள் வியந்தனர்.

1954ஆம் ஆண்டு, ராபின்சன் பயிற்சி பெற்ற அதே மான்ட்ரியல் அணிக்குக் கிளெமென்டே அனுப்பப்பட்டார். அடுத்த ஆண்டு பிட்ஸ்பர்க் பைரேட்ஸ் அணியில் சேர்ந்தார். ராபின்சன் திறந்த கதவு அவருக்கும் வழிவிட்டது. ஆயினும் அவருக்குத் தடைகள் இரண்டு. ஒன்று, நிறம். பயிற்சிக்காகத் தென்மாநிலங்களுக்குச் சென்றபோது வெள்ளையின வீரர்கள் உண்ட உணவகத்தில் அவரால் உண்ண இயலவில்லை. மற்றொன்று, மொழி. ஆங்கிலம் அவர் வளர்ந்தபின் கற்ற மொழி. செய்தியாளர் சிலர் அவருடைய கருத்தை விட்டுவிட்டு அவருடைய உச்சரிப்பைப் பிடித்துக்கொண்டனர். அவர் பேசிய ஆங்கிலத்தை அதன் ஒலிப்பின்படியே பிழைபட எழுதி நகையாடினர்.

அவருடைய பெயரையும் மாற்றினர். ராபர்ட்டோ என்பது அயற்பெயராகத் தோன்றியமையால், அமெரிக்கர் நாவுக்கு எளிதாகப் ‘பாப்’ என்று அழைத்தனர். வீரர்களின் படம் அச்சிட்ட அட்டைகளிலும் பல ஆண்டுகள் ‘பாப் கிளெமென்டே’ என்றே இருந்தது. அவர் இதனை விரும்பவில்லை. தம் பெயர் ராபர்ட்டோ என்பதை வலியுறுத்தி வந்தார். அவர் அணிந்த சட்டையின் எண் 21. தந்தை வழியிலும் தாய் வழியிலும் வந்த பெயர்களைச் சேர்த்து ஸ்பானிய முறைப்படி எழுதும் அவருடைய முழுப்பெயர் ராபர்ட்டோ கிளெமென்டே வாக்கர். அவர்கள் எழுத்தில் அதற்கு 21 எழுத்துகள். அதனாலேயே அவர் அவ்வெண்ணைத் தேர்ந்தெடுத்தார் என்பர்.

மட்டையாளர் சராசரியில் நான்கு முறை முதலிடம், களத்தடுப்பிற்கான பொற்கையுறை விருது 12 முறை, 1966ஆம் ஆண்டின் மிகச் சிறந்த ஆட்டக்காரர் விருது, வாழ்நாள் சராசரி 0.317 என அவருடைய சாதனைகள் வளர்ந்தன. 1971ஆம் ஆண்டு செப்டம்பர் 1ஆம் நாள் பைரேட்ஸ் அணி களமிறக்கிய ஒன்பது பேரும் கறுப்பினத்தவரும் இலத்தீன் அமெரிக்கருமாக அமைந்தனர். முதன்மை ஆட்ட வரலாற்றில் அதுவே முதல்முறை. அவ்வொன்பதின்மருள் கிளெமென்டேயும் ஒருவர். ராபின்சன் தனியொருவராக இறங்கிய நாளிலிருந்து 24 ஆண்டுகள் கடந்திருந்தன.

அவ்வாண்டு உலகத் தொடரின் ஏழு ஆட்டங்களிலும் ஹிட் பெற்று, அணியின் வெற்றிக்குக் காரணமாகி, தொடரின் மிகச் சிறந்த வீரர் என்னும் விருதைக் கிளெமென்டே பெற்றார். வெற்றிக்குப்பின் தொலைக்காட்சியினர் ஒலிவாங்கியை அவர்முன் நீட்டினர். நாடே ஆங்கிலத்தில் விடையை எதிர்பார்த்திருந்தது. அவரோ முதலில் ஸ்பானிய மொழியில் பேசுவதற்கு இசைவு பெற்று, தம் பெற்றோரை விளித்து, தமது வாழ்வின் மிகப்பெரிய நாளில் அவர்களுடைய வாழ்த்தை வேண்டினார். அதன்பின்னரே ஆங்கிலத்தில் பேசினார். ஸ்பானியம் பேசும் குடும்பங்கள் அந்தச் சில நொடிகளைப் பெருமையுடன் நினைவுகூர்கின்றன.

1972ஆம் ஆண்டு செப்டம்பர் 30ஆம் நாள் கிளெமென்டே தமது 3000ஆவது ஹிட்டை அடித்தார். அதுவரை அவ்வெண்ணை எட்டியவர்கள் பத்துப் பேரே. அப்பருவ ஆட்டங்களில் அவர் மேலும் ஒரு ஹிட்டையும் சேர்க்கவில்லை. அடுத்த ஆண்டு பார்த்துக்கொள்ளலாம் என்றே அனைவரும் எண்ணினர்.

டிசம்பர் 23ஆம் நாள் நிகரகுவா நாட்டின் தலைநகர் மனாகுவாவை நிலநடுக்கம் தகர்த்தது. சில வாரங்களுக்கு முன்னர்தான் கிளெமென்டே புவேர்ட்டோ ரிக்கோ அணி ஒன்றின் மேலாளராக அந்நாட்டில் தங்கியிருந்தார். அம்மக்களை அவர் அறிவார். உடனே தம் தீவில் நிதியும் உணவும் மருந்தும் திரட்டினார். அனுப்பிய பொருள்கள் துன்புற்றோரைச் சென்று சேரவில்லை என்னும் செய்தி வந்தது. தாமே உடன் சென்றால் உரியவர் கையில் சேர்ப்பிக்கலாம் என்று முடிவு செய்தார். டிசம்பர் 31ஆம் நாள் இரவு, அளவுக்கு மீறிச் சுமை ஏற்றப்பட்ட பழைய வானூர்தியில் புறப்பட்டார். புறப்பட்ட சிறிது நேரத்தில் அது கடலில் வீழ்ந்தது. அவருடைய உடல் கிடைக்கவேயில்லை. அவருக்கு வயது 38.

வீரர்களின் புகழ்மண்டபத்தில் இடம்பெற, ஓய்வுக்குப்பின் ஐந்து ஆண்டுகள் காத்திருக்க வேண்டும் என்பது விதி. கிளெமென்டேக்காக அவ்விதி தளர்த்தப்பட்டது. 1973ஆம் ஆண்டில், இலத்தீன் அமெரிக்க வீரர்களுள் முதல்வராக அவர் அங்கு இடம்பெற்றார். அவருடைய ஹிட்டுகள் 3000 என்னும் எண்ணிலேயே என்றும் நின்றுவிட்டன. ஆட்டத்திறனுடன் மக்கள் தொண்டும் புரியும் வீரருக்கு ஆண்டுதோறும் அவர் பெயரால் விருது வழங்கப்படுகிறது.

அனைவருக்கும் ஒரே எண்

1997ஆம் ஆண்டு, ராபின்சன் களமிறங்கியதன் பொன்விழாவில், 42 என்னும் எண் எல்லா முதன்மை அணிகளிலும் நிறுத்தி வைக்கப்பட்டது. அதன்பின் அவ்வெண் எவருக்கும் புதிதாக வழங்கப்படுவதில்லை. ஆண்டில் ஒருநாள் மட்டும் இதற்கு விலக்கு. ஏப்ரல் 15ஆம் நாள் எல்லா அணிகளிலும் எல்லா வீரர்களும் 42 என்னும் எண்ணை அணிந்தே ஆடுகின்றனர். அன்று எண்ணைக் கொண்டு ஒருவரை மற்றவரிடமிருந்து பிரித்தறிய இயலாது. ஒரு காலத்தில் தனியொருவராக நின்றவரின் எண்ணை இன்று வெள்ளையரும் கறுப்பரும் ஸ்பானியம் பேசுவோரும் ஜப்பானியம் பேசுவோரும் ஒருங்கே அணிகின்றனர்.

தெரியுமா?

உத்தரப்பிரதேச மாநிலத்தைச் சேர்ந்த ரிங்கு சிங், தினேஷ் படேல் என்னும் இளைஞர் இருவரும் கிளெமென்டேயைப் போலவே ஈட்டி எறிந்து பழகியவர்கள். 2008ஆம் ஆண்டு, வேகமாகப் பந்தெறிவோரைக் கண்டறிய இந்தியாவில் நடைபெற்ற போட்டியின் வழியே அவர்கள் அமெரிக்கா சென்றனர். அதற்குமுன் அவர்கள் பேஸ்பால் ஆடியதில்லை. அவ்வாண்டே அவர்களை ஒப்பந்தம் செய்துகொண்ட அணி, கிளெமென்டே ஆடிய பிட்ஸ்பர்க் பைரேட்ஸ்.

சொல்லும் பொருளும்

ஈட்டிய – முயன்று பெற்ற
உடன்பாடு – ஒப்பந்தம்
இழிசொல் – தாழ்த்திக் கூறும் சொல்
எதிர்வினை – ஒன்றற்கு எதிராகச் செய்யும் செயல்
பொறாதவர் – தாங்கிக்கொள்ளாதவர்
நகையாடுதல் – ஏளனம் செய்தல்
விளித்து – அழைத்து
இசைவு – ஒப்புதல்

மதிப்பீடு

அ. சரியான விடையைத் தேர்ந்தெடுத்து எழுதுக.

1. ராபின்சன் முதன்மை அணியில் முதன்முதலாக ஆடிய ஆண்டு
(அ) 1936 (ஆ) 1947 (இ) 1955 (ஈ) 1972

2. கிளெமென்டேயின் தாய்மொழி
(அ) பிரெஞ்சு (ஆ) ஆங்கிலம் (இ) ஸ்பானியம் (ஈ) ஜப்பானியம்

3. ‘இழிசொல்’ என்னும் சொல்லைப் பிரித்து எழுதக் கிடைப்பது
(அ) இழி + சொல் (ஆ) இழிவு + சொல் (இ) இழு + சொல் (ஈ) இழ + சொல்

ஆ. பொருத்துக.

1. மாலி – 21
2. பேப் ரூத் – பாசடேனா
3. கிளெமென்டே – மோபில்
4. ஆரன் – 714

இ. கணக்கிட்டு எழுதுக.

1. ஒரு மட்டையாளர் 40 வாய்ப்புகளில் 12 ஹிட்டுகள் பெற்றார். அவருடைய மட்டை சராசரி யாது?
2. ஆரனின் மொத்த ஹிட்டுகளிலிருந்து அவருடைய ஹோம் ரன்களைக் கழித்தால் எஞ்சுவன எத்தனை?

ஈ. குறுவினா

1. ‘தளம் திருடுதல்’ என்பது யாது?
2. கிளெமென்டே 21 என்னும் எண்ணைத் தேர்ந்தெடுத்ததற்குக் கூறப்படும் காரணம் என்ன?
3. ஆரன் தமக்கு வந்த வெறுப்புக் கடிதங்களை ஏன் பாதுகாத்தார்?

உ. சிறுவினா

1. எதிர்வினை காட்டலாகாது என்று ரிக்கி கேட்டுக்கொண்டதன் காரணத்தை விளக்குக.
2. 1971ஆம் ஆண்டு செப்டம்பர் 1ஆம் நாள் ஆட்டம் எவ்வகையில் சிறப்புடையது?

ஊ. நெடுவினா

ராபின்சன், ஆரன், கிளெமென்டே ஆகிய மூவரும் எதிர்கொண்ட தடைகளையும் அவற்றை அவர்கள் எதிர்கொண்ட முறைகளையும் ஒப்பிட்டு எழுதுக.

எ. சிந்தனை வினா

ராபின்சன் சில ஆண்டுகள் மௌனம் காத்தார். பேருந்தில் அவரே மறுத்து நின்றார். இவ்விரண்டும் ஒன்றுக்கொன்று முரணானவையா? உம் கருத்தைக் காரணத்துடன் எழுதுக.

கற்பவை கற்றபின்

1. உம் பெயரையோ உம் பெற்றோர் பெயரையோ நீவிர் வாழும் ஊரில் பிறர் மாற்றி அழைத்ததுண்டா? அப்போது நீவிர் என்ன செய்தீர் என்பதைப் பத்து வரிகளில் எழுதுக. உம் பெயரின் பொருளையும், அப்பெயரை உமக்கு இட்டவர் யார் என்பதையும் வீட்டில் கேட்டறிந்து சேர்த்து எழுதுக.
2. ஒரு பெரும் போட்டியில் வென்றபின் ஒலிவாங்கி உம்முன் நீட்டப்படுகிறது. முதலில் யாரிடம், எந்த மொழியில், என்ன பேசுவீர்? வகுப்பில் பேசிக் காட்டுக.